கச்சத்தீவு அந்தோனியார் திருவிழா: ஐம்பது ஆண்டாக நிற்கும் ஒரு வாக்கு

கச்சத்தீவைப் பற்றித் தமிழ்நாட்டில் பேசப்பட்ட அளவுக்கு வேறு எந்தத் தீவைப் பற்றியும் பேசப்பட்டதில்லை. கொடுத்தது யார், கேட்டது யார், மீட்கப்போவது யார் என்ற கேள்விகள் ஒவ்வொரு தேர்தலிலும் வந்துபோகின்றன. அந்தத் தீவை வருஷத்துக்கு இரண்டு நாள் கோயிலாக நினைத்துப் போய்வருகிற மக்களைப் பற்றி அந்தப் பேச்சில் அதிகம் கேட்க முடிவதில்லை. இந்த ஆய்வு அவர்களைப் பற்றியது.

இதில் எனக்கு முக்கியமாகப் படும் விஷயம் ஒன்று உண்டு. கச்சத்தீவை இலங்கைப் பக்கம் வைத்த 1974 இந்திய-இலங்கை ஒப்பந்தம் இந்தியத் தரப்புக்குச் சில உரிமைகளைக் காப்பதாகச் சொன்னது. மீன்பிடி உரிமை இரண்டே வருஷத்தில் போனது. மீனவர் தீவில் இறங்கி வலை காயவைப்பது நடைமுறையில் நின்றுபோனது. பக்தர்கள் பாஸ்போர்ட்டும் விசாவும் இல்லாமல் திருவிழாவுக்குப் போய்வருவது மட்டும் இன்னும் நடக்கிறது. இது ஏன் நிலைத்தது, எந்த எந்த நேரத்தில் முறிந்தது, அடுத்த முறை முறியாமல் இருக்க என்ன வேண்டும் என்று பார்ப்போம்.

தீவும் கோயிலும்

பாக் நீரிணையில், ராமேஸ்வரத்துக்கு வடகிழக்கே, இலங்கையின் நெடுந்தீவிலிருந்து சுமார் 24 கிலோமீட்டர் தென்மேற்கே இருக்கிறது கச்சத்தீவு. பரப்பு ஏறக்குறைய 285 ஏக்கர். குடிதண்ணீர் இல்லை. அதனால் ஊர் என்று ஒன்று அங்கே உருவாகவே இல்லை. இன்று இருப்பது புதரும் மணலும், இலங்கைக் கடற்படையின் காவல் முகாமும், புனித அந்தோனியார் கோயிலும்தான். திருவிழாவுக்கு வருகிறவர்களின் தண்ணீர்கூடப் படகில்தான் வந்தாக வேண்டும்.

கோயிலைக் கட்டியவராகச் சொல்லப்படுபவர் ராமநாதபுரம் மாவட்டம் நம்புதாளையைச் சேர்ந்த சீனிக்குப்பன் படையாச்சி. கட்டிய ஆண்டாக 1905 சொல்லப்படுகிறது. புயலில் மாட்டி உயிர் தப்பியதற்கு நேர்ந்துகொண்டு கட்டினார் என்பது கரையில் வழங்கும் கதை. பெயரைப் பார்த்தால் இந்துபோலத் தெரிகிறது, அவரைக் கத்தோலிக்கர் என்று சொல்கிறவர்களும் உண்டு. இந்தக் கரையில் இதைக் கேட்டு யாரும் ஆச்சரியப்பட மாட்டார்கள். ராமநாதபுரம் கடலோரத்தில் அந்தோனியாருக்கு மெழுகுவர்த்தி ஏற்றுகிறவர்களில் பாதிப்பேர் வீட்டில் வேறு சாமியும் இருக்கும். கடலில் உயிர் கொடுத்தவர் யாரோ, அவருக்கு நேர்த்திக்கடன்.

அந்தோனியார் 1195-இல் போர்ச்சுகலின் லிஸ்பனில் பிறந்தவர், 1231-இல் இத்தாலியின் பதுவா நகரில் இறந்தவர். போர்ச்சுகீசியர் வந்துபோன கரையெல்லாம் அவர் பெயரில் கோயில் உண்டு. ஆட்கள் கேட்காதபோது அவர் மீன்களைப் பார்த்துப் போதித்தார், மீன்கள் தலையைத் தூக்கிக் கேட்டன என்று ஒரு கதை. இரு கரை மீனவர்களும் அவரைத் தங்கள் ஆளாக எடுத்துக்கொண்டதில் அந்தக் கதைக்கும் பங்கு இருக்கும் என்றே நினைக்கிறேன். யாழ்ப்பாணத்துப் பக்கம் ஆளில்லாத இன்னொரு தீவான பாலைதீவிலும் அந்தோனியார் கோயில்தான், அங்கும் ஈஸ்டருக்கு முந்தைய தவக்காலத்தில்தான் திருவிழா.

உலகம் முழுக்க அந்தோனியார் திருநாள் ஜூன் 13. கச்சத்தீவில் மட்டும் பிப்ரவரி அல்லது மார்ச். தவக்காலத்தை ஒட்டித் தேதி குறிப்பார்கள். இது கடலோடு ஒத்துப்போகிற தேதியும்கூட. வடகிழக்குப் பருவக்காற்று ஓய்ந்து, தென்மேற்குக் காற்று கிளம்பாத இடைவெளி. ஜூனில் இந்த நீரிணையைச் சிறு படகில் குழந்தைகுட்டியோடு கடப்பது எளிதல்ல.

இரண்டு நாள் நிகழ்ச்சி. முதல் நாள் மாலை கொடியேற்றம், பிறகு சிலுவைப்பாதை, திருப்பலி, இரவில் தேர்பவனி. கடற்கரையிலேயே படுத்து எழுந்து, மறுநாள் காலை கூட்டுத் திருப்பலி, கொடியிறக்கம், படகேற்றம். திருவிழாவை நடத்தும் பொறுப்பு யாழ்ப்பாண மறைமாவட்டத்துக்கு. நெடுந்தீவுப் பங்குத்தந்தை முன்னின்று ஏற்பாடு செய்கிறார். இந்தியப் பக்கம் சிவகங்கை மறைமாவட்டத்துக்கு அழைப்பு வரும். ராமேஸ்வரம் வேர்க்கோடு புனித சூசையப்பர் ஆலயப் பங்குத்தந்தைதான் பெயர்ப்பதிவு, படகு ஏற்பாடு எல்லாவற்றையும் ஒருங்கிணைப்பவர். யாழ்ப்பாணத்து மக்கள் குறிகட்டுவான் இறங்குதுறையிலிருந்து வருகிறார்கள். அண்மை ஆண்டுகளில் தெற்கிலிருந்து சிங்களக் கத்தோலிக்கரும் வருவதால் சிங்களத்திலும் வழிபாடு உண்டு.

வழிபாட்டோடு கூடவே அங்கே ஒரு சந்தையும் இருந்தது. இங்கிருந்து லுங்கி, சேலை போகும், அங்கிருந்து சோப்பும் தேங்காய் எண்ணெயும் வரும். அதைவிட முக்கியம், உறவு. தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் கப்பல் ஓடிய காலத்தில் இரு கரைக்கும் கொள்வினை கொடுப்பினை சாதாரணம். 1964 டிசம்பர் புயலில் தனுஷ்கோடி அழிந்தது. பிறகு ராமேஸ்வரத்திலிருந்து ஓடிய கப்பலும் இலங்கையில் உள்நாட்டுப் போர் தொடங்கியதும் நின்றது. தூதரக வாசலில் நிற்கத் தெரியாத, விசாவுக்குக் காட்ட வங்கிக் கணக்கில் பணம் இல்லாத மீனவக் குடும்பத்துக்கு, அக்கரையில் இருக்கும் அத்தையையோ மச்சானையோ பார்க்க மிஞ்சிய இடம் இந்தத் தீவுதான்.

ஒப்பந்தத்துக்கு முன்

ராமநாதபுரம் சேதுபதிகளின் ஜமீனில் கச்சத்தீவு இருந்தது என்பது இந்தியத் தரப்பின் அடிப்படை. சாயவேர் எடுக்கவும் சங்கு குளிக்கவும் ஜமீன் குத்தகை விட்டதற்குப் பத்தொன்பதாம், இருபதாம் நூற்றாண்டு ஆவணங்கள் உண்டு. 1921-இல் மீன்பிடி எல்லை வகுக்கக் கொழும்பில் கூடிய இரு பிரிட்டிஷ் நிர்வாகங்களின் அதிகாரிகள், அந்த எல்லைக்கோட்டை, கச்சத்தீவுக்கு மேற்கே மூன்று மைலில் போட்டார்கள். தீவு இலங்கைப் பக்கம் விழுந்தது. ராமநாதபுரம் ராஜாவின் உரிமையை இது பாதிக்காது என்று இந்தியத் தரப்பு சேர்த்துச் சொன்னது. அந்த உடன்பாடு முறைப்படி உறுதி செய்யப்படவும் இல்லை. இரண்டாம் உலகப்போரின்போது கடற்படை இங்கே பீரங்கிப் பயிற்சி நடத்தியது. விடுதலைக்குப் பின் ஜமீன் ஒழிப்புச் சட்டத்தால் நிலம் அரசிடம் வந்தது, இரு நாடுகளும் உரிமை கோரின.

இந்த உரிமைப் பேச்சுக்குள் கோயிலும் இழுக்கப்பட்டது என்பதுதான் நம் ஆய்வுக்கு வேண்டிய செய்தி. தேவாலயம் யாழ்ப்பாண மறைமாவட்டத்தின் கீழ் வருவதை இலங்கை தன் ஆதாரங்களில் ஒன்றாக வைத்தது. கட்டியவர் நம்புதாளைக்காரர், அது ஜமீன் நிலம் என்று இங்கே பதில் சொன்னார்கள். ஒரு மீனவர் நேர்ந்துகொண்டு எழுப்பிய கோயில் எல்லைக்கல்லாக மாறிய இடம் இதுதான். பிறகு வந்த எல்லாச் சிக்கலிலும் இதன் சாயல் உண்டு.

1974-இல் எழுதப்பட்டது என்ன

1974 ஜூன் 26-ஆம் தேதி கொழும்பிலும் 28-ஆம் தேதி டெல்லியிலும் கையெழுத்தானது ஒப்பந்தம். இந்திரா காந்தி, சிறிமாவோ பண்டாரநாயக்க இருவரும் கையெழுத்திட்டார்கள். கடல் எல்லை கச்சத்தீவுக்கு மேற்கே ஒரு மைல் தள்ளிப் போனது. தீவு இலங்கைக்கு.

நாம் கவனிக்க வேண்டியவை ஐந்தாவது, ஆறாவது பிரிவுகள். ஐந்தாவது பிரிவு, இந்திய மீனவர்களும் பக்தர்களும் இதுவரை போலவே கச்சத்தீவுக்கு வந்துபோகலாம் என்கிறது. அதற்குப் பயண ஆவணமோ விசாவோ இலங்கை கேட்காது. ஆறாவது பிரிவு, இரு நாட்டுப் படகுகளும் மற்றவர் கடலில் வழக்கமாக அனுபவித்த உரிமைகளைத் தொடர்ந்து அனுபவிக்கும் என்கிறது. வெளியுறவு அமைச்சர் ஸ்வரண் சிங் 1974 ஜூலை 23 அன்று மக்களவையில் மீன்பிடிப்பு, யாத்திரை, கப்பல் போக்குவரத்து மூன்றும் பாதுகாக்கப்பட்டுள்ளன என்று உறுதி சொன்னார். தமிழ்நாட்டில் எதிர்ப்பு எழுந்தது. முதலமைச்சர் கருணாநிதி அந்த ஆகஸ்டில் சட்டமன்றத்தில் தீர்மானம் கொண்டுவந்தார்.

1976 மார்ச் 23 அன்று மன்னார் வளைகுடா, வங்காள விரிகுடா எல்லைகளை வகுத்த இரண்டாவது ஒப்பந்தம் வந்தது. அதோடு இரு நாட்டு வெளியுறவுச் செயலாளர்கள் கடிதம் மாற்றிக்கொண்டார்கள். ஒரு நாட்டு மீன்பிடிப் படகுகளும் மீனவர்களும் மற்ற நாட்டுக் கடலில் மீன் பிடிக்கக் கூடாது என்றது கடிதம். அப்போது நெருக்கடி நிலை. தமிழ்நாட்டில் ஜனவரி 31-ஆம் தேதியே ஆட்சி கலைக்கப்பட்டிருந்தது. கேட்கவும் மறுக்கவும் இங்கே சட்டமன்றம் இல்லை. மக்களின் பிழைப்பைத் தொடும் ஒரு முடிவை அந்த மக்களின் பிரதிநிதிகள் இல்லாத நேரத்தில் இரண்டு அதிகாரிகளின் கடிதத்தில் முடித்தது பெரிய அநியாயம். இதை இன்றும் சொல்லத்தான் வேண்டும்.

ஆனால் அந்தக் கடிதம் பக்தர்களைத் தொடவில்லை. ஐந்தாவது பிரிவு அப்படியே இருந்தது.

இங்கே கொஞ்சம் நின்று படிக்க வேண்டும். ஐந்தாவது பிரிவில் திருவிழா என்ற பேச்சே இல்லை. இரண்டு நாள் என்றும் இல்லை, தலைக்கணக்கும் இல்லை. "இதுவரை போலவே" என்பதுதான் அளவுகோல். ஆண்டுக்கு இரண்டு நாள், பதிவு செய்த பட்டியல், இத்தனை படகு, இத்தனை பேர் என்பதெல்லாம் பிறகு நடைமுறையில் வந்து ஒட்டிக்கொண்டவை. தீவில் மீனவர் இறங்கி ஓய்வெடுக்கும் உரிமையும் இதே பிரிவில்தான் இருக்கிறது. அது கடைப்பிடிக்கப்படவில்லை. தீவுக்குப் போகும் உரிமை அதைச் சுற்றி மீன்பிடிக்கும் உரிமை ஆகாது என்று இந்திய அரசே பின்னாளில் விளக்கம் சொல்லிவிட்டது. அந்த விளக்கத்தை ஏற்றாலும்கூட, வலை காயவைக்க இறங்குவதற்கு ஏன் தடை என்ற கேள்விக்கு இன்றுவரை பதில் இல்லை.

போரும் மீட்பும்

1983-க்குப் பின் கடல் போர்க்களமானது. கச்சத்தீவில் கடற்படை நிலைகொண்டது. திருவிழா பல ஆண்டுகள் நடக்கவில்லை. யாழ்ப்பாண மீனவர்களுக்குத் தங்கள் கடலிலேயே இறங்கத் தடை. இந்தப் பக்கமிருந்து போனவர்கள் துப்பாக்கிச் சூட்டில் செத்தார்கள். 2009 மே மாதம் போர் முடிந்து, 2010-இல் திருவிழா மீண்டும் கூடியது. அப்புறம் கொரோனா வந்த 2021-இல் மட்டும் ரத்து. 2022-இல் மிகக் குறைந்த ஆட்களோடு நடந்தது. இந்தியப் பக்கம் போகாத 2017, 2024 தவிர மற்ற ஆண்டுகளில் இரு பக்கமும் சேர்த்துப் பல ஆயிரம் பேர்.

கால் நூற்றாண்டுக்கு மேல் சரியாக நடக்காத ஒரு வழக்கம் முதல் வாய்ப்பு கிடைத்ததும் எழுந்து நின்றதற்குக் காரணம் வெறும் ஒப்பந்த வரி இல்லை. இரு கரையிலும் பங்கு அமைப்பு அப்படியே இருந்தது. பேச நெடுந்தீவில் ஒரு பங்குத்தந்தை, ராமேஸ்வரத்தில் ஒரு பங்குத்தந்தை. அழைப்பு எழுத ஓர் ஆயர், பெற்றுக்கொள்ள ஓர் ஆயர். மீன்பிடி உரிமைக்கு அப்படி ஒரு நிரந்தரக் கை இரு பக்கமும் இருந்ததில்லை. மீனவர் சங்கங்கள் பேசிப் பார்த்தன, ஒவ்வொரு சுற்றும் அடுத்த கைது வரைதான் தாங்கியது. எழுதப்பட்ட வரியும் அதை விடாமல் பிடித்துக்கொள்ளும் அமைப்பும் சேர்ந்த இடத்தில் உரிமை நிலைத்தது. வரி மட்டும் இருந்த இடத்தில் நிலைக்கவில்லை.

முறிந்த இரண்டு தருணங்கள்

2016 டிசம்பர் 23 அன்று கச்சத்தீவில் புதிய தேவாலயம் நேர்ந்தளிக்கப்பட்டது. பழைய கோயில் சிறியது. நெடுந்தீவுப் பங்கின் கோரிக்கையின்பேரில் இலங்கைக் கடற்படை கட்டிக்கொடுத்தது. கட்டுமானம் தொடங்கிய அந்த மே மாதமே முதலமைச்சர் ஜெயலலிதா பிரதமருக்குக் கடிதம் எழுதி ஆட்சேபித்தார். இரு கரைக்கும் பொதுவான கோயிலைக் கட்டும்போது ஒரு கரையைக் கேட்கவே இல்லை என்பது இங்கே இருந்த மனவருத்தம். அந்த வருத்தம் நியாயமானது. கூட்டம் தாங்க ஒரு பெரிய கட்டிடம் தேவைப்பட்டது என்பதும் உண்மை. பங்குகள் முன்கூட்டியே பேசி, இங்கிருந்தும் ஒரு கல் போயிருந்தால் அந்தக் கசப்பு வந்திருக்காது.

மூன்று மாதம்கூட ஆகவில்லை. 2017 மார்ச் 6 இரவு கச்சத்தீவு அருகே மீன்பிடித்துக்கொண்டிருந்த ராமேஸ்வரம் பகுதி இளைஞர் ஒருவர் சுடப்பட்டு இறந்தார். சுட்டது இலங்கைக் கடற்படை என்று உடன் இருந்தவர்கள் சொன்னார்கள். கடற்படை மறுத்தது. ராமேஸ்வரம் தீவிலுள்ள தங்கச்சிமடத்தில் மக்கள் நாட்கணக்கில் போராட்டம் இருந்தார்கள். திருவிழா மார்ச் 11, 12. இந்தியப் பக்கம் முழுவதும் புறக்கணித்தது. எந்த முகத்தோடு போய் அங்கே மெழுகுவர்த்தி ஏற்றுவது என்று அந்த ஊர் கேட்டதில் ஒரு குறையும் சொல்ல முடியாது. செத்த வீட்டுக்கு முன்னால் திருவிழா எடுபடாது.

இரண்டாவது முறிவு 2024. இது வேறு மாதிரி. எல்லை தாண்டியதாகப் பிடிபட்ட மீனவர்களை முன்பெல்லாம் எச்சரித்தோ நிபந்தனையோடோ விடுவிப்பார்கள். அந்த ஆண்டு தொடக்கத்தில் இலங்கை நீதிமன்றம் படகோட்டிகளுக்கும் மீண்டும் பிடிபட்டவர்களுக்கும் சிறைத் தண்டனை விதித்தது. கொதித்துப்போன ராமேஸ்வரம் விசைப்படகு மீனவர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள், பிப்ரவரி 23, 24 திருவிழாவுக்குப் படகு போகாது என்றார்கள். படகு இல்லையென்றால் யாத்திரை இல்லை. பதிவு செய்து காத்திருந்த பல ஆயிரம் பேர் வீட்டிலேயே இருக்க வேண்டியதாயிற்று.

முதல் முறிவுக்கும் இரண்டாவதற்கும் உள்ள வித்தியாசத்தை யாரும் பேசியதாகத் தெரியவில்லை. 2017-இல் ஊரே துக்கத்தில் எடுத்த முடிவு. 2024-இல் யாத்திரை ஒரு தொழில் தகராறின் ஆயுதமாகப் பயன்பட்டது. படகு உரிமையாளர்களின் கோபம் உண்மையானதே. தண்டனை பெற்றவர்களில் பலர் கூலிக்குப் படகு ஓட்டியவர்கள் என்பதும் உண்மையே. ஆனால் நாட்டுப்படகு மீனவரும், கரைவலை இழுப்பவரும், படகே இல்லாத கைம்பெண்ணும், குழந்தை பிறந்ததற்கு நேர்ந்துகொண்டவரும் அந்த வருஷம் போக முடியாமல் போனதற்கு அவர்கள் யாரும் காரணமில்லை.

இங்கேதான் அமைப்பின் பலவீனம் தெரிகிறது. ஒப்பந்தம் கொடுத்த உரிமை எல்லாப் பக்தருக்கும். அதைப் பயன்படுத்தும் வாகனம் மட்டும் பெரும்பாலும் விசைப்படகு. அந்தப் படகுகள் எந்தச் சண்டையில் இருக்கின்றனவோ அந்தச் சண்டையில் யாத்திரையும் சிக்கிக்கொள்கிறது. நாட்டுப்படகில் போக அனுமதி கேட்டு மீனவர்கள் பலமுறை அலைந்தார்கள். பாய் விரித்துப் போய்வந்த தாத்தாவின் பேரனுக்குப் பாதுகாப்புக் காரணம் சொல்லித் தடை போட்ட ஆண்டுகளும் உண்டு.

மடிவலையின் நிழல்

இந்தத் தகராறின் வேரைச் சொல்லாமல் விட்டால் ஆய்வு அரைகுறை. 1952-இல் தொடங்கிய இந்திய நார்வே திட்டத்தின் வழியாக இயந்திரப் படகும், கடலடியில் இழுத்துப் போகும் வலையான இழுவைமடியும் இந்தியக் கரைக்கு வந்தன. இறாலுக்கு வெளிநாட்டில் நல்ல விலை. 1960-களுக்குப் பின் பாக் நீரிணைப் பக்கம் விசைப்படகுகள் பெருகின. ஆழம் குறைந்த கடல், அடித்தரையை அரித்துக்கொண்டு போகும் மடி. நம் பக்கத்துத் தரை தேய்ந்ததும் படகுகள் கிழக்கே போயின. போர்க்காலத்தில் யாழ்ப்பாணத்து மீனவர் கடலில் இறங்க முடியாததால் அந்தக் கடல் காலியாகக் கிடந்தது.

2009-க்குப் பின் அவர்கள் மீண்டும் இறங்கினார்கள். கடன் வாங்கி வலை போட்டால் இரவில் நம் இழுவைப்படகு அதை அறுத்துக்கொண்டு போகிறது. நெடுந்தீவிலும் யாழ்ப்பாணத்துக் குருநகரிலும் நம் படகுகளை எதிர்த்து ஊர்வலம் போகிறவர்கள் தமிழர்கள், பலர் கத்தோலிக்கர்கள். அதே ஆட்கள்தான் கச்சத்தீவில் நம்மோடு ஒரே திருப்பலியில் மண்டியிடுகிறார்கள். 2017 ஜூலையில் இலங்கை இழுவைமடியைச் சட்டத்தால் தடை செய்தது. 2018-இல் வெளிநாட்டுப் படகுகளுக்கான அபராதத்தைப் பெருமளவு உயர்த்தியது. இங்கே இழுவைப்படகுகளை ஆழ்கடல் படகுகளாக மாற்றும் திட்டம் 2017-இல் தொடங்கியது. அது எதிர்பார்த்த வேகத்தில் நகரவில்லை.

கச்சத்தீவு திரும்பி வந்தால் இந்தச் சிக்கல் தீர்ந்துவிடும் என்று சொல்கிறவர்கள் ஒரு வரைபடத்தை விரித்துப் பார்க்கலாம். நம் படகுகள் பிடிபடும் இடங்களில் பல நெடுந்தீவை ஒட்டியவை, அதையும் தாண்டியவை. தீவு நம் கைக்கு வந்தாலும் எல்லைக்கோடு கொஞ்சம் நகரும், அவ்வளவுதான். மடி அப்படியே இருக்கும், அந்தப் பக்கத்து மீனவரின் அறுந்த வலையும் அப்படியே இருக்கும்.

மீட்பு வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கும் போனது. 2008-இல் ஜெயலலிதா மனுப் போட்டார், பிறகு தமிழ்நாடு அரசும் சேர்ந்தது, 2013-இல் கருணாநிதியும் தனியாகப் போனார். தீவு தாவாவில் இருந்த நிலம், எல்லை அதற்கு முன் வகுக்கப்படவே இல்லை, எனவே இந்திய நிலம் எதுவும் விட்டுக்கொடுக்கப்படவில்லை என்றது ஒன்றிய அரசு. 2014-இல் அட்டர்னி ஜெனரலாக இருந்த முகுல் ரோத்தகி, திரும்ப வேண்டுமென்றால் போருக்குத்தான் போக வேண்டும் என்று நீதிமன்றத்தில் சொன்னார். 2025 ஏப்ரல் 2 அன்று மீட்கக் கோரித் தமிழ்நாடு சட்டமன்றம் மறுபடி தீர்மானம் போட்டது. அதே ஆண்டு செப்டம்பர் 1 அன்று இலங்கைக் குடியரசுத் தலைவர் அனுர குமார திசாநாயக்க கச்சத்தீவில் கால் வைத்தார். பதவியில் இருக்கும் இலங்கைத் தலைவர் ஒருவர் அங்கே போனது அதுவே முதல்முறை. தங்கள் கடலையும் தீவுகளையும் பாதுகாப்போம் என்று அங்கே பேசினார். இங்கே ஒரு தீர்மானம், அங்கே ஒரு வருகை. இரண்டிலும் பக்தர் இல்லை.

புத்தர் சிலை

2023 மார்ச்சில் இன்னொரு செய்தி இரு கரையையும் கலங்க வைத்தது. கச்சத்தீவில் புத்தர் சிலை வைக்கப்பட்டிருப்பதைப் படங்கள் காட்டின. யாழ்ப்பாண மறைமாவட்டமும் தமிழ் அரசியல்வாதிகளும் கேள்வி எழுப்பினார்கள். கடற்படையினர் தங்கள் சொந்த வழிபாட்டுக்காக வைத்தது, தீவில் அந்தோனியார் கோயிலைத் தவிர வேறு வழிபாட்டிடம் அமைக்கும் எண்ணம் இல்லை என்று கடற்படை விளக்கம் சொன்னது.

தனியாகப் பார்த்தால் சின்ன விஷயம். காவலுக்கு இருக்கும் சிப்பாய் தன் சாமியைக் கும்பிட வேண்டாமா என்று கேட்கலாம். ஆனால் வடக்கு கிழக்கில் முகாமுக்குள் வைத்த சிலை பிறகு விகாரையாகி, விகாரை காணி ஆவணமாகிப் பார்த்த மக்களுக்கு அந்தப் பயம் வருவது இயல்பு. இங்கேயும் எல்லைக்கல் பிரச்சினைதான். 1974-க்கு முன் அந்தோனியார் கோயிலை வைத்து வாதாடினார்கள். இன்று வேறொரு சிலை அதே வேலையைச் செய்துவிடுமோ என்று அஞ்சுகிறார்கள். ஆளில்லாத தீவில் ஒரு சமூகத்தின் புனிதம் நிலைக்க, அங்கே ஒன்றும் சேராமல் இருப்பது முக்கியம். புதிய சிலையும் வேண்டாம், விடுதியும் வேண்டாம், நினைவுத் தூணும் வேண்டாம்.

கண்டது

ஐந்தாவது பிரிவு தப்பிப் பிழைத்ததற்கு அதன் தெளிவான வாசகம் ஒரு காரணம், இரு பங்குகளின் பிடிவாதம் அதைவிடப் பெரிய காரணம். யாருக்கும் பணநஷ்டம் தராத உரிமை என்பதும் உதவியது. பக்தர் வந்துபோனால் எவருடைய மீனும் குறைவதில்லை.

அது முறிந்தபோதெல்லாம் அடி கடலிலிருந்துதான் வந்தது, தீவிலிருந்து வரவில்லை. அதனால் யாத்திரையை மீன்பிடித் தகராறிலிருந்து பிரித்து வைக்க வழி தேட வேண்டும். என் பார்வையில் அதற்கு மூன்று காரியங்கள் அவசரம்.

போக்குவரத்து முதலில். நாகப்பட்டினத்துக்கும் இலங்கையின் காங்கேசன்துறைக்கும் இடையே 2023 அக்டோபரில் பயணிகள் கப்பல் விட முடிந்த அரசுகளுக்கு, வருஷத்தில் இரண்டு நாள் ராமேஸ்வரத்திலிருந்து கச்சத்தீவுக்கு ஒரு பொதுப் படகு ஏற்பாடு செய்வது முடியாத காரியம் இல்லை. கரையோர ஆழம் குறைவு என்பதால் பெரிய கப்பல் ஒதுங்காது. சிறிய பயணிகள் படகு போதும். விசைப்படகுக்காரர் வரலாம், நாட்டுப்படகுக்காரர் வரலாம், அவர்கள் வராத வருஷத்திலும் நேர்த்திக்கடன் உள்ளவர் போக ஒரு வழி இருக்கும். கட்டணத்தைப் பற்றிப் பிறகு பேசிக்கொள்ளலாம்.

அடுத்தது, நடைமுறையை எழுதி வைப்பது. இன்று எத்தனை பேர், எத்தனை படகு, என்ன பொருள் கொண்டுபோகலாம் என்பது ஒவ்வோர் ஆண்டும் கடிதத்தில் முடிவாகிறது. 2022-இல் முதலில் இந்தியப் பக்தர்களே வேண்டாம் என்று சொல்லி, பிறகு சிறு எண்ணிக்கைக்கு இறங்கி வந்தார்கள். ஒப்பந்தம் தந்த உரிமையை ஒவ்வோர் ஆண்டும் சலுகைபோலக் கேட்டு வாங்க வேண்டியிருப்பது சரியில்லை. யாழ்ப்பாணம், சிவகங்கை இரு மறைமாவட்டங்களும் சேர்ந்த ஒரு குழு, அதில் இரு கரை மீனவர் சார்பாகவும் ஆட்கள், தேதியும் எண்ணிக்கையும் அவர்கள் கையில். அரசுகள் சோதனையும் பாதுகாப்பும் பார்த்தால் போதும். கோயிலில் இனி எந்தக் கட்டுமானம் வந்தாலும் அந்தக் குழுவைக் கேட்டே வரவேண்டும்.

மூன்றாவது கொஞ்சம் கடினம். ஐந்தாவது பிரிவு திருவிழா நாளோடு நிற்கவில்லை என்பதை யாராவது திரும்ப எடுத்துப் பேச வேண்டும். ஜூன் 13 அன்று, அந்தோனியாரின் உண்மையான திருநாளில், இரு பக்கமிருந்தும் சிறு குழு ஒன்று போய்த் திருப்பலி வைத்துவிட்டு வர அனுமதி கேட்கலாம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை இந்தியக் கிழக்குக் கரையில் விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடைக்காலம். அந்தச் சமயத்தில் எல்லை தாண்டல் குற்றச்சாட்டும் கைதும் மிகக் குறைவு. காற்று இடம் கொடுத்தால் போகலாம், இல்லையென்றால் அந்த வருஷம் விடலாம். கேட்க வேண்டியது டெல்லி. மனுவை எழுதத் தொடங்க வேண்டியது வேர்க்கோடும் நெடுந்தீவும்.